துருக்கியின் ‘ஸ்டார் வார்ஸை’ எடுத்த கேமராமேன்: சேத்தின் குர்தோப் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

துருக்கிய மசாலாப் படம் என்றதும் இணையத்தில் உடனே பகிரப்படுவது ஒரு துண்டு வீடியோதான். காலில் பாறையைக் கட்டிக்கொண்டு ஓடிப் பழகும் நாயகன், அவன் தலைக்குப் பின்னால் ஹாலிவுட் படத்திலிருந்து எடுத்துப் போட்ட விண்கலங்கள். விழுந்து விழுந்து சிரிக்கலாம், தப்பில்லை. ஆனால் இதையும் ஒரு மனிதர் கேமராவுக்குப் பின்னால் நின்று, வெளிச்சம் பார்த்து, ஃபோகஸ் பார்த்து எடுத்திருக்கிறார் இல்லையா? அந்த மனிதரைப் பற்றியும் அவர் வேலை பார்த்த சினிமாவைப் பற்றியும் வழக்கமாக வரும் கேள்விகளை இங்கே ஒன்றாகச் சேர்த்திருக்கிறேன்.

யார் இந்த சேத்தின் குர்தோப்?

துருக்கிய ஒளிப்பதிவாளர். இஸ்தான்புல்லை மையமாகக் கொண்ட வெகுஜன சினிமாவில் 1960களிலிருந்து 80கள் வரை வேலை பார்த்தவர். வெளிநாட்டு ரசிகர்கள் அவர் பெயரைத் தேடிப் போவது பெரும்பாலும் இரண்டு படங்களுக்காக. ஒன்று, 1973ல் வந்த ‘துரிஸ்த் ஓமர் உசாய் யோலுந்தா’, அதாவது டூரிஸ்ட் ஓமர் விண்வெளிப் பாதையில். இன்னொன்று, 1982ல் வந்த ‘துன்யாயி குர்தாரான் ஆதாம்’, உலகத்தைக் காப்பாற்றிய மனிதன். முதலாவதை ‘துருக்கிய ஸ்டார் ட்ரெக்’ என்றும் இரண்டாவதை ‘துருக்கிய ஸ்டார் வார்ஸ்’ என்றும் வெளிநாட்டு ரசிகர்கள் பெயர் சூட்டிவிட்டார்கள்.

ஆனால் அவரைப் புரிந்துகொள்ள உதவும் படம் இந்த இரண்டும் இல்லை. 1964ல் ஹாலித் ரெஃபீ இயக்கிய ‘குர்பெத் குஷ்லாரி’ (பிழைக்கப் போன பறவைகள் என்று வைத்துக்கொள்ளலாம்) என்ற கறுப்பு வெள்ளைப் படம்தான் அது. அதைப் பார்க்காமல் இவரை எடை போடக்கூடாது என்பது என் கட்சி.

யெஷில்சாம் என்கிறார்களே, அது ஸ்டூடியோ பெயரா?

இல்லை, தெருவின் பெயர். இஸ்தான்புல்லின் பெயோலு பகுதியில் யெஷில்சாம் தெரு என்று ஒன்று இருக்கிறது. தயாரிப்பாளர்களின் அலுவலகங்கள் அங்கேயும் அதைச் சுற்றியும்தான் இருந்தன. காலப்போக்கில் அந்தத் தெருவின் பெயரே மொத்த வணிக சினிமாவுக்கும் பெயராகிவிட்டது, நாம் கோடம்பாக்கம் என்று சொல்கிறோமே, அந்த மாதிரி. உச்சத்தில் இருந்த 1972ல் மட்டும் அங்கே ஏறக்குறைய 300 படங்கள் வந்தன. ஹாலிவுட் பாணிப் பெரிய ஸ்டூடியோ அமைப்போ, நிரந்தர செட்டுகளோ பெரிதாக இல்லாமலே இந்த எண்ணிக்கை. பல படங்கள் நிஜ வீடுகளில், வாடகைக்கு எடுத்த மாளிகைகளில், தெருவில் எடுக்கப்பட்டவை.

இயக்குநர் பெயரும் சேத்தின், கேமராமேன் பெயரும் சேத்தின். ஒரே ஆளா?

இல்லை. ‘உலகத்தைக் காப்பாற்றிய மனிதன்’ படத்தின் இயக்குநர் சேத்தின் இனாஞ்ச். படங்களைக் கடகடவென்று எடுத்து முடிப்பதால் ‘ஜெட் டைரக்டர்’ என்று பட்டப்பெயர் வாங்கியவர். ஒளிப்பதிவாளர் சேத்தின் குர்தோப். போதாக்குறைக்கு சேத்தின் துன்ஜா என்று இன்னொரு நல்ல ஒளிப்பதிவாளரும் அதே காலத்தில் இருந்தார். ‘செல்வி போய்லும் அல் யாஸ்மாலிம்’ என்ற புகழ்பெற்ற காதல் படம் அவர் எடுத்தது. இணையத்தில் இந்த மூன்று பேரையும் குழப்பி எழுதியிருப்பது நிறையக் கிடைக்கும்.

‘குர்பெத் குஷ்லாரி’யில் அப்படி என்ன இருக்கிறது?

மராஷ் என்ற தென்கிழக்கு ஊரிலிருந்து ஒரு குடும்பம் இருப்பதை விற்றுக்கொண்டு இஸ்தான்புல்லுக்குப் பிழைக்க வருகிறது. ஹைதர்பாஷா ரயில் நிலையத்தில் வந்து இறங்குகிறார்கள். அந்த நிலையம் ஆசியக் கரையில், கடலை ஒட்டி நிற்கிறது. வாசல் படிகளில் இறங்கினால் தண்ணீர், தண்ணீருக்கு அப்பால் பழைய நகரத்தின் மசூதிக் கோபுரங்கள். துருக்கியின் ஆசியப் பகுதியான அனடோலியாவிலிருந்து ரயில் ஏறி வந்தவர்களுக்கு அன்று நகரம் முதன்முதலில் இப்படித்தான் கண்ணில் பட்டது. உடனே கிட்டப் போக முடியாது, படகு ஏற வேண்டியிருந்தது. கதை என்னவோ நமக்குத் தெரிந்த கதைதான். பிள்ளைகள் ஆளுக்கொரு பக்கம் இழுபடுகிறார்கள், தொழில் நொடித்துப் போகிறது, மகளின் வாழ்க்கை துயரத்தில் முடிகிறது. கடைசியில் குடும்பம் அதே ரயில் நிலையத்துக்குத் திரும்புகிறது.

கேமரா இங்கே என்ன செய்கிறது என்று கவனித்துப் பாருங்கள். தெருக்கள் நிஜம், கூட்டம் நிஜம், பின்னால் போகும் வண்டிகள் நிஜம். குடும்பத்தாரை நெருக்கமாகக் காட்டி உருக வைப்பதைவிட, நகரத்துக்கு நடுவில் சின்னதாக நிற்க வைப்பதற்கே படம் அதிகம் மெனக்கெடுகிறது. கறுப்பு வெள்ளையின் சாம்பல் நிறம் அந்தக் குளிர்ந்த துறைமுக ஊருக்குச் சரியாகப் பொருந்துகிறது. 1964ல் அந்தால்யாவில் தொடங்கப்பட்ட தேசியத் திரைப்பட விழாவில் முதல் ஆண்டே சிறந்த படம் என்ற விருதை வாங்கியது இந்தப் படம்தான். துருக்கிய சினிமாவில் ‘உள்நாட்டுப் புலம்பெயர்வு’ என்று பேச ஆரம்பித்தாலே இதிலிருந்துதான் ஆரம்பிப்பார்கள்.

ஒரு சுவாரசியமான தகவல். இந்தக் குடும்பத்தில் மருத்துவம் படிக்கும் மகனாக நடிக்கும் ஒல்லியான இளைஞர் ஜுனெய்த் அர்கின். நிஜத்திலும் மருத்துவப் பட்டம் பெற்றவர். எஸ்கிஷெஹிரில் ராணுவச் சேவையில் இருந்தபோது ஹாலித் ரெஃபீயின் கண்ணில் பட்டு சினிமாவுக்கு வந்தார். திரை வாழ்க்கையின் தொடக்கத்திலேயே அவர் முகத்துக்கு வெளிச்சம் வைத்தவர் குர்தோப். பதினெட்டு வருஷம் கழித்து அதே நடிகரை விண்வெளியில் பறக்கவிட்டுப் படம்பிடித்தவரும் அவர்தான். இரண்டு படத்தையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் ஒரு நாட்டின் சினிமா எங்கே புறப்பட்டு எங்கே வந்து நின்றது என்று புரிந்துவிடும்.

விருது வாங்கிய படத்தை எடுத்தவர் ஏன் மசாலாப் படத்துக்குப் போனார்?

‘போனார்’ என்பதே தப்பு. யெஷில்சாமில் கேமராமேனுக்குக் கலைப்படம், மசாலாப்படம் என்று தனித்தனி வரிசை கிடையாது. கூப்பிட்டால் போக வேண்டும். இந்த மாதம் குடும்பக் கண்ணீர், அடுத்த மாதம் வாள் சண்டை, அதற்கடுத்து நகைச்சுவை. ஆண்டுக்கு 200, 300 படம் வரும் ஊரில் தொழில் தெரிந்த கேமராமேன்கள் விரல்விட்டு எண்ணக்கூடிய அளவுதான்.

பணம் எங்கிருந்து வந்தது என்று பார்த்தால் இது இன்னும் தெளிவாகும். நாடு அதானா, இஸ்மீர், சாம்சுன் என்று விநியோகப் பகுதிகளாகப் பிரிந்திருந்தது. படம் எடுக்கும் முன்பே அந்தந்தப் பகுதி விநியோகஸ்தர் தயாரிப்பாளருக்கு ‘போனோ’ என்ற கடன் பத்திரம் கொடுப்பார். என் ஊரில் இந்த நடிகர் ஓடுவார், சண்டை வேண்டும், பாட்டு வேண்டும் என்று அவர்தான் சொல்வார். தயாரிப்பாளர் அந்தப் பத்திரத்தை வட்டிக்காரரிடம் கொடுத்து, கழிவு போகக் கையில் கிடைத்த காசில் படத்தைத் தொடங்குவார். தொடங்கும்போதே பாதிக் காசு போயிருக்கும். பத்திரத்தின் தேதி நெருங்குவதற்குள் படம் தியேட்டருக்குப் போயாக வேண்டும். கேமராமேனுக்குக் கிடைக்கும் நேரம், விளக்கு, ஃபிலிம் எல்லாம் இந்தக் கணக்கில் மிஞ்சியதுதான். எனவே இந்தப் படங்களின் அழகியலைப் பற்றி யாராவது பெரிய வார்த்தைகளில் பேசினால், முதலில் வட்டிக் கணக்கைப் பார்த்தீர்களா என்று கேளுங்கள்.

அப்போது கேமராமேனின் ஒரு நாள் வேலை எப்படி இருக்கும்?

முதலில் சத்தத்தை மறந்துவிடுங்கள். படங்கள் எல்லாம் சத்தமில்லாமல்தான் எடுக்கப்பட்டன. நடிகர்களுக்கு வசனம் மனப்பாடம் ஆகியிருக்க வேண்டும் என்ற அவசியமே இல்லை. கேமராவுக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று வசனத்தை உரக்கப் படிப்பார், நடிகர் கேட்டுச் சொல்வார். குரல் பிறகு டப்பிங்கில் வரும், அதுவும் பெரும்பாலும் வேறொருவர் குரலில். இதனால் கேமராமேனுக்கு ஒரு பெரிய வசதி. சத்தம் போடும் கேமராவைப் பெட்டிக்குள் மூட வேண்டாம், தோளில் தூக்கிக்கொண்டு ஓடலாம். போக்குவரத்து நெரிசலுக்கு நடுவில் எடுக்கலாம். ‘குர்பெத் குஷ்லாரி’யின் தெருக்காட்சிகளில் இருக்கும் அந்தச் சுதந்திரத்தில் பாதி இந்த ஏற்பாட்டால் வந்தது.

அடுத்தது ஃபிலிம். வெளிநாட்டிலிருந்து வர வேண்டும், அந்நியச் செலாவணி வேண்டும். அதனால் தங்கம் மாதிரி அளந்து கொடுப்பார்கள். ஒத்திகையில் சரியாக வந்ததா? எடு. எடுத்ததில் பெரிய தவறு இல்லையா? அடுத்த ஷாட். நடிகர் லேசாகத் தடுமாறியதற்கெல்லாம் இன்னொரு டேக் கிடையாது. ஆகவே ஃபோகஸ் பிசகாமல், எக்ஸ்போஷர் தப்பாமல் முதல் தடவையிலேயே பிடிப்பதுதான் கேமராமேனின் மரியாதை. மானிட்டர் கிடையாது. லேபிலிருந்து வந்து பார்க்கும்போதுதான் தெரியும், அதற்குள் செட்டைக் காலி பண்ணியிருப்பார்கள்.

வெளிச்சம்தான் கடைசித் தலைவலி. பகலில் வெளியே எடுத்தால் சூரியனும் ஜிகினாத்தாள் ஒட்டிய ரிஃப்ளெக்டரும் போதும். வீட்டுக்குள் என்றால் கதை வேறு. கறுப்பு வெள்ளை ஃபிலிமில் 200, 250 வேகம் (எண் கூடினால் குறைந்த வெளிச்சமே போதும்) கிடைத்த காலத்தில், 1968ல் வந்த ஈஸ்ட்மேன் கலர் நெகட்டிவின் வேகம் 100தான். அதற்கு முந்தையது 50. அதாவது வண்ணத்துக்கு மாறியதும் அதே அறைக்கு இரண்டு மூன்று மடங்கு விளக்கு வேண்டும். விளக்கு கூடவில்லை, படங்கள் மட்டும் வண்ணத்துக்கு மாறிவிட்டன. 70களின் துருக்கிய வண்ணப் படங்களில் முகத்தின் மேல் நேராக ஒரு கடுமையான வெளிச்சமும், பின்சுவரில் கறுப்பாக விழும் நிழலும் அடிக்கடி தென்படுவதற்கு இதுவும் ஒரு காரணம். நிழல் அழகாக விழட்டும் என்று நாலு விளக்கை நகர்த்திப் பார்க்க நேரமும் இல்லை, விளக்கும் இல்லை.

‘டூரிஸ்ட் ஓமர்’ என்பது யார்? அவருக்கு விண்வெளியில் என்ன வேலை?

சாத்ரி அலிஷிக் நடித்த நாடோடிக் கதாபாத்திரம். பின்னால் சரிந்த தொப்பி, தலையருகே கையை ஆட்டி ஒரு தனி ஸ்டைலில் சலாம், யாருக்கும் அடங்காத வாய். ஹுல்கி சானெர் இயக்கத்தில் 1964ல் இருந்து தொடராக வந்த படங்கள். 1973ல் வந்தது தொடரின் கடைசிப் படம். துப்பாக்கி முனையில் கல்யாணம் பண்ணி வைக்கப் பார்க்கும்போது ஓமரை அப்படியே விண்கலம் தூக்கிக்கொண்டு போய்விடுகிறது. பிறகு அவர் அங்கே கேப்டனையும் கூர்க்காது ஸ்போக்கையும் படுத்தும் பாடுதான் படம். அமெரிக்கத் தொடரான ஸ்டார் ட்ரெக்கின் ஒரு பழைய எபிசோடைக் கிட்டத்தட்ட அப்படியே எடுத்து, நடுவில் ஓமரை உட்கார வைத்திருக்கிறார்கள். இதில் வேடிக்கை என்னவென்றால், ஹாலிவுட்டே அதிகாரபூர்வமாக ஸ்டார் ட்ரெக்கை சினிமாவாக எடுத்தது 1979ல்தான். துருக்கிக்காரர்கள் ஆறு வருஷம் முந்திவிட்டார்கள்.

ஒளிப்பதிவில் எனக்குப் பிடித்த முடிவு ஒன்று இருக்கிறது. அந்நியக் கிரகத்துக்கு செட் போடக் காசில்லை. அதனால் எபேசு நகரின் இடிபாடுகளுக்குப் போய்விட்டார்கள். பைபிளில் வரும் அதே எபேசுதான். வெள்ளைப் பளிங்குத் தூண்கள், கல் பாவிய தெரு, ஆள் நடமாட்டம் இல்லாத வெளி. நல்ல வெயிலில் பளிங்கு பளீரென்று திருப்பியடிப்பதால் முகங்களுக்குக் கீழிருந்தும் வெளிச்சம் கிடைத்துவிடும், ரிஃப்ளெக்டர் தூக்கும் பையனுக்குக்கூட ஓய்வு. விண்கலத்தின் உட்புறம்தான் அட்டைப்பெட்டி மாதிரி இருக்கிறது. வெளியே வந்ததும் படம் திடீரென்று மூச்சு விடுகிறது.

சரி, விஷயத்துக்கு வருவோம். ஸ்டார் வார்ஸ் காட்சிகளைத் திருடியது கேமராமேனா?

இல்லை. அது தயாரிப்பும் இயக்கமும் எடுத்த முடிவு. 1977ல் வந்த ஸ்டார் வார்ஸ் படத்தின் பிரிண்டிலிருந்து விண்கலக் காட்சிகளை எடுத்தார்கள். ராக்கெட் ஏவும் செய்திப்படத் துண்டுகளையும் சேர்த்தார்கள். துருக்கியில் 1951லேயே பதிப்புரிமைச் சட்டம் இருந்தது. வெளிநாட்டுப் படம், வெளிநாட்டு இசை என்று வந்தால் யாரும் கண்டுகொள்ளவில்லை, அவ்வளவுதான். பின்னணி இசையில் இண்டியானா ஜோன்ஸின் மெட்டு முழங்குவதும் இப்படித்தான். எனக்கு இதில் நியாயப்படுத்த ஒன்றும் இல்லை, ஆனால் அந்தக் காலத் தெருவில் இது விதிவிலக்கும் இல்லை.

கேமராமேன் தலையில் விழுந்தது இதற்கு அடுத்த வேலை. திருடிய காட்சிக்கு முன்னால் நாயகனை உட்கார வைத்து, அவனே அந்தக் கலத்தை ஓட்டுகிற மாதிரி காட்ட வேண்டும். இதற்கு பேக் ப்ரொஜெக்ஷன் என்ற பழைய உத்தி. நடிகருக்குப் பின்னால் ஒளி ஊடுருவும் திரை, திரைக்குப் பின்னாலிருந்து ப்ரொஜெக்டர் படத்தை ஓட்டும், முன்னாலிருந்து கேமரா நடிகரையும் திரையையும் சேர்த்துப் பிடிக்கும். கேட்க எளிது. செய்யும்போது இரண்டு வம்பு. ப்ரொஜெக்டர் ஷட்டரும் கேமரா ஷட்டரும் ஒரே தாளத்தில் திறந்து மூட வேண்டும், இல்லாவிட்டால் பின்னணி மினுக்கும். அப்புறம், நடிகர் மேல் போடும் விளக்கு ஒரு துளி திரையில் சிந்தினாலும் அங்கே ஓடும் படம் வெளுத்துப்போகும். எனவே நடிகருக்குப் பக்கவாட்டிலிருந்து இறுக்கமாக வெட்டிய வெளிச்சம் வைக்க வேண்டும்.

அந்தக் காட்சியை ஒருமுறை சத்தத்தை அணைத்துவிட்டுப் பாருங்கள். ஜுனெய்த் அர்கின் ஹெல்மெட் மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பார், முகத்தில் வெளிச்சம் ஒழுங்காக விழுந்திருக்கும், பின்னணியும் கண்ணுக்குத் தெரிகிற மாதிரிதான் இருக்கும். கேமரா வேலை கிட்டத்தட்ட சரி. கோளாறு வேறு இடத்தில். பின்னால் ஓடுவது ஏற்கெனவே எடிட் செய்த படம். ஆகவே ஒவ்வொரு சில நொடிக்கும் பின்னணி வெட்டுப்படுகிறது. நாயகன் அசையாமல் உட்கார்ந்திருக்க, பிரபஞ்சம் இடம், வலம், மேல், கீழ் என்று தாவிக்கொண்டிருக்கிறது. எந்த உலகத்துக் கேமராமேனாலும் இதைக் காப்பாற்ற முடியாது.

மரண நட்சத்திரம் ஏன் முட்டை மாதிரி இருக்கிறது?

மரண நட்சத்திரம் என்பது ஸ்டார் வார்ஸில் வரும் உருண்டையான ராட்சத விண்வெளிக் கோட்டை. அந்தப் படம் ஸ்கோப், அதாவது அகலத்திரைப் படம். ஸ்கோப் பிரிண்டில் படம் பக்கவாட்டில் பாதியாக நசுக்கப்பட்டு இருக்கும், தியேட்டரில் தனி லென்ஸ் போட்டு விரித்துக் காட்டுவார்கள். இங்கே அந்த லென்ஸ் போட்டு விரிக்காமல் அப்படியே எடுத்துவிட்டார்கள். உருண்டை முட்டையாகிவிட்டது.

கப்படோக்கியாவில் எடுத்த காட்சிகள் எப்படி?

நாயகனும் நண்பனும் (அய்தெகின் அக்காயா) போய் விழும் கிரகம் நிஜத்தில் கப்படோக்கியா. எரிமலைச் சாம்பல் இறுகிக் கல்லாகி, மழையும் காற்றும் அரித்து, கூம்பு கூம்பாக நிற்கும் நிலம். கொரேமே பள்ளத்தாக்கில் அந்தப் பாறைகளைக் குடைந்து பைசாந்திய காலத்தில் தேவாலயங்கள் கட்டியிருக்கிறார்கள், உள்ளே சுவரோவியங்கள். 1985ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. படம் எடுத்தது அதற்கு முன். இன்றைக்கு அந்த மாதிரி இடத்தில் ஒரு படக்குழு ஆள் உயர ரோம பொம்மைகளோடு சண்டை எடுக்கிறேன் என்று கிளம்பினால் விடுவார்களா என்ன?

ஒளிப்பதிவாக இந்தப் படத்தில் தேறுவது இந்தப் பகுதிதான். காலை, மாலைச் சாய்வு வெயிலில் எடுத்த ஷாட்களில் பாறைகளின் மடிப்பு மடிப்பான நிழல் தெரிகிறது. நாயகன் சின்னப் புள்ளியாக ஓடும் அகல ஷாட்கள் இருக்கின்றன. பதினெட்டு வருஷத்துக்கு முன் இஸ்தான்புல் தெருவில் ஒரு குடும்பத்தைச் சின்னதாக நிற்க வைத்த அதே கை என்று நான் நினைத்துக்கொள்வதுண்டு. நிரூபிக்க முடியாது, விட்டுவிடுங்கள். உச்சி வெயிலில் எடுத்தவை வெளிறிப்போய்க் கிடக்கின்றன, அதையும் சொல்லிவிட வேண்டும். நாளொன்றுக்கு இத்தனை ஷாட் என்று ஓடும் குழுவுக்கு சூரியன் இறங்கும்வரை காத்திருக்கும் பாக்கியம் இல்லை.

சண்டைகள் ஏன் அத்தனை வேகம்?

கேமராவை மெதுவாக ஓட்டுவது. நொடிக்கு 24 ஃபிரேமுக்குப் பதில் 18, 20 என்று எடுத்தால், திரையில் ஓடும்போது எல்லாம் விரைவாகிவிடும். வசனம் நேரடியாகப் பதிவு செய்யாததால் இதைச் செய்ய எந்தத் தடையும் இல்லை. எம்.ஜி.ஆர். காலத்துச் சண்டைகள் பார்த்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. பாய்ச்சல்களுக்கு ட்ராம்போலின். அர்கின் சர்க்கஸ்காரர்களிடம் பயிற்சி எடுத்தவர், குட்டிக்கரணங்களைப் பெரும்பாலும் தானே போட்டார். கேமராமேன் பார்க்க வேண்டியது ஒன்றே ஒன்று: ட்ராம்போலின் ஃபிரேமுக்குள் வரக்கூடாது. அதற்காகக் கேமராவைத் தாழ்த்தி, ஆகாயத்தைப் பின்னணியாக வைப்பார்கள். அதனால்தான் அந்தப் பாய்ச்சல்களில் தரையையே பார்க்க முடியாது.

நான் பார்த்த வீடியோ கலங்கலாக, பச்சை பூத்து இருந்ததே? ஒளிப்பதிவு அவ்வளவு மோசமா?

இந்தக் கேள்விக்காகவே இந்தப் பக்கத்தை எழுதினேன் என்றும் வைத்துக்கொள்ளலாம். நீங்கள் பார்த்தது பெரும்பாலும் அவர் எடுத்த படமே இல்லை. வீடியோ கேசட்டிலிருந்து கேசட்டுக்கு, அதிலிருந்து கணினிக்கு என்று நகல் எடுத்து நகல் எடுத்து வந்த ஒன்று. பல ஆண்டுகள் உலகம் முழுக்க ரசிகர்கள் கைமாற்றிக்கொண்டது இந்த மாதிரிக் கள்ளப் பிரதிகளைத்தான். ஒவ்வொரு நகலிலும் இருட்டான பகுதிகள் கறுப்பாக அடைத்துப்போகும், வெளுத்த பகுதிகள் எரிந்துபோகும், ஓரங்கள் வெட்டுப்படும். வைத்த விளக்குக்கும் வகுத்த ஃபிரேமுக்கும் என்ன மிஞ்சும்?

யெஷில்சாம் படங்களின் நெகட்டிவ், பிரிண்ட் எல்லாம் சரியாகப் பாதுகாக்கப்படவில்லை. ஓடி முடிந்த பிரிண்ட் எடைக்குத்தான் மதிப்பு என்ற நிலைமை. ‘உலகத்தைக் காப்பாற்றிய மனிதன்’ விஷயத்தில் அதிர்ஷ்டம் அடித்தது. ஓய்வு பெற்ற ஒரு துருக்கியத் தியேட்டர் ஆபரேட்டர் 35 எம்.எம். பிரிண்ட் ஒன்றைப் பத்திரமாக வைத்திருந்தார். எட் கிளேசர் என்ற அமெரிக்க ஆர்வலர் அதை வாங்கி, 2கே தரத்தில் ஸ்கேன் செய்து, 2018ல் திரையிட வைத்தார். கீறல்களும் ஒட்டுகளும் அதில் இருக்கின்றன. ஆனால் நிறம் இருக்கிறது, பாறையின் சொரசொரப்பு இருக்கிறது, குகைக்குள் எடுத்த காட்சிகளில் எந்த விளக்கு எங்கே வைக்கப்பட்டது என்று ஊகிக்க முடிகிறது. படம் நல்ல படமாகிவிடவில்லை. ஒளிப்பதிவு மட்டும் ஒரு தொழில்காரனின் வேலை என்று தெரிகிறது.

அப்படியானால் அவரைப் பெரிய கலைஞர் என்று சொல்லலாமா?

அவ்வளவு தூரம் போக மாட்டேன். மோசமான படங்களைத் தலையில் தூக்கி வைத்து ஆடுவது இப்போது ஒரு ஃபேஷன், அதில் சேர எனக்கு விருப்பமில்லை. ‘குர்பெத் குஷ்லாரி’யின் ஒளிப்பதிவு உண்மையிலேயே நன்றாக இருக்கிறது. ‘டூரிஸ்ட் ஓமர்’ கெட்டிக்காரத்தனமான சமாளிப்பு. 1982 படம் கிடைத்ததை வைத்துப் படம் முடித்த கதை. மூன்றும் ஒரே ஆள் எடுத்தவை. கலைஞர் என்பதைவிட, ஒருபோதும் கேமராவைக் கீழே வைக்காத தொழிலாளி என்றால் பொருத்தம்.

இன்னொன்றையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். அதே 1982ல்தான் யில்மாஸ் குனெய் எழுதி, ஷெரிஃப் கோரென் இயக்கிய ‘யோல்’ கான் விழாவில் தங்கப் பனை விருதைப் பகிர்ந்துகொண்டது. அதன் ஒளிப்பதிவாளர் எர்தோவான் எங்கின். துருக்கியிலோ அந்தப் படத்துக்கு 1999 வரை தடை. அதாவது அந்த வருஷம் துருக்கியத் தியேட்டரில் உட்கார்ந்திருந்தவருக்கு கான் விருதுப் படம் பார்க்கக் கிடைக்காது, முட்டை வடிவ மரண நட்சத்திரம் கிடைக்கும். 1980 செப்டம்பரில் நடந்த ராணுவப் புரட்சிக்குப் பிந்தைய சினிமாவின் நிலைமை இது.

இந்தக் காலத்து மற்ற துருக்கிய ஒளிப்பதிவாளர்களில் யாரைப் பார்க்கலாம்?

அலி உர்: 1964ல் பெர்லினில் தங்கக் கரடி வாங்கிய ‘சுசுஸ் யாஸ்’. தண்ணீருக்காக அண்ணன் தம்பி மோதிக்கொள்ளும் கிராமத்துக் கதை, வெயிலையே பாத்திரமாக்கியிருப்பார். காயா எரெரெஸ்: யில்மாஸ் குனெயின் ‘உமுத்’, 1970.

பேய்ப்படம், விண்வெளிப் படம் மாதிரியான வகைகளில் முன்னோடி என்றால் ஓசென் செர்மெத். 1953ல் ‘டிராகுலா இஸ்தான்புல்தா’ என்ற பேய்ப்படத்தை எடுத்தவர். கோட்டையில் மூடுபனி வேண்டும், புகை இயந்திரம் இல்லை. படக்குழுவினர் முப்பது, நாற்பது பேரை வரிசையாக உட்கார வைத்து சிகரெட் புகைத்து ஊதச் சொல்லிப் பனி உண்டாக்கினார்கள் என்பது அந்தப் படத்தைப் பற்றித் திரும்பத் திரும்பச் சொல்லப்படும் கதை.

இந்தியாவோடு ஏதாவது தொடர்பு உண்டா?

குர்தோப்புக்கு நேரடியாக இல்லை. ஆனால் அவர் வளர்ந்த சினிமாச் சூழலுக்கு உண்டு. ராஜ் கபூரின் ‘ஆவாரா’ 50களில் துருக்கியில் பெரிய வெற்றி. பாட்டு தெருவெல்லாம் ஒலித்தது. 1964ல் துருக்கியிலேயே மறுபடி எடுத்தார்கள், நாயகன் சாத்ரி அலிஷிக், நம்ம டூரிஸ்ட் ஓமர்தான். ராஜ் கபூரின் நாடோடிக்கும் ஓமருக்கும் ஏதோ ஒன்றுவிட்ட உறவு இருப்பதாக எனக்குப் படும்.

யெஷில்சாம் எப்போது முடிந்தது?

ஒரே நாளில் முடியவில்லை. 1968ல் தொலைக்காட்சி வந்தது, 70களில் வீடு வீடாகப் பரவியது. குடும்பங்கள் தியேட்டருக்கு வருவது குறைந்ததும், காலியான இருக்கைகளை நிரப்ப ஆபாச நகைச்சுவைப் படங்கள் வந்தன, குடும்பங்கள் இன்னும் விலகின. செலாவணி நெருக்கடியில் ஃபிலிம் கிடைப்பது கஷ்டமானது. 80களில் வீடியோ. ஜெர்மனியில் வேலைக்குப் போன துருக்கியர்களுக்குக் கேசட் விற்பதே ஒரு தனி வியாபாரம் ஆனது. கேமராமேனுக்கு மிஞ்சியது கேசட்டுக்காக அவசரமாக எடுக்கும் படங்களும், பிறகு தொலைக்காட்சித் தொடர்களும்.

எங்கே ஆரம்பிக்கலாம்?

‘குர்பெத் குஷ்லாரி’யில் ஆரம்பியுங்கள். பிறகு ‘டூரிஸ்ட் ஓமர்’, நண்பர்களோடு உட்கார்ந்து. கடைசியாக ‘உலகத்தைக் காப்பாற்றிய மனிதன்’, கட்டாயம் 35 எம்.எம். ஸ்கேனிலிருந்து வந்த பிரதி. யூடியூபில் முதலில் வந்து நிற்கும் கலங்கல் பிரதியைத் தாண்டிப் போங்கள். எந்தப் பிரதி என்று தெரியாவிட்டால், படத்தின் தொடக்கத்தில் வரும் எழுத்துகள் ஓரத்தில் வெட்டுப்படாமல் முழுதாகத் தெரிகின்றனவா, கப்படோக்கியாவின் வானம் நீலமாக இருக்கிறதா என்று பாருங்கள். 2006ல் வந்த தொடர்ச்சிப் படத்தைத் தவிர்த்தாலும் ஒன்றும் குறையாது.